பெரியம்மாவின் இருபத்தேழு பொய்கள்

பல் டாக்டரிடம் உள்ளே போய் உட்கார்ந்தவனைவிட, வெளியே பெஞ்சில் காத்திருப்பவனுக்குத்தான் வலி அதிகம். அந்த வலிக்கு வைத்தியம் பார்த்தவள், கிளினிக் வாசல் மேஜையில் ரிசப்ஷனிஸ்டாக இருந்த பெரியம்மா. படிப்பு பத்தாவது வரைக்கும்தான். ஆனால் டாக்டரின் ஊசி வேலை செய்வதற்கு முன்பே பெரியம்மாவின் ஒரு வரி வேலை செய்துவிடும். "வலிக்கவே வலிக்காது. எறும்பு கடிச்ச மாதிரி இருக்கும், அவ்வளவுதான்." சொல்லிவிட்டு, வந்தவர் கையை எடுத்துத் தன் இரண்டு கைகளுக்குள்ளும் வைத்து ஓர் அழுத்து அழுத்துவாள். ஆறடி உயர லாரி டிரைவர்கூட அந்த அழுத்தில் அடங்கி, சமர்த்தாக உள்ளே போவார். ஐந்து நிமிஷத்தில் அவர் போடுகிற சத்தம் தெருமுனை வரைக்கும் கேட்கும். பெரியம்மா அதைக் காதில் போட்டுக்கொள்ளாமல் அடுத்தவர் கையை எடுத்துக்கொள்வாள்.

அந்தப் பெஞ்சின் கோடியில், பச்சை ரெக்சின் கிழிந்து பஞ்சு எட்டிப் பார்க்கும் இடத்தில், பள்ளி விட்ட பிறகு தினமும் ஒரு பெண் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதுவாள். பெரியம்மாவின் தங்கை மகள். வயது ஒன்பது. எதைச் சொன்னாலும் "ஏன்?" என்று குறுக்கே விழுவதால் பெரியம்மா அவளுக்கு வைத்த பெயர் வக்கீல். அப்பா இல்லை. அம்மா தொலைவில் ஒரு நகரத்தில், பெரிய ஆஸ்பத்திரி ஒன்றின் சலவைப் பிரிவில் வேலைக்குப் போயிருந்தாள். அழைத்துக்கொண்டு போக இடம் இல்லை என்று மகளை அக்காவிடம் விட்டிருந்தாள். பெரியம்மாவுக்குப் பிள்ளை குட்டி கிடையாது. பெரியப்பா எப்போதோ போய்ச் சேர்ந்துவிட்டார். ஆக, ஒரு அறை, ஒரு சமையல் கட்டு, ஜன்னலோரம் இரண்டு படுக்கை, அதில் இவர்கள் இரண்டு பேர்.

வீட்டில் போன் இல்லை. அம்மாவின் போன் கிளினிக்குக்குத்தான் வரும். வியாழக்கிழமை மத்தியானம் மட்டும்தான் அம்மாவுக்கு ஒரு மணி நேரம் ஓய்வு. அந்த நேரத்தில் வக்கீல் பள்ளிக்கூடத்தில் இருப்பாள். அதனால் போனை எடுப்பது பெரியம்மா. வியாழன் மாலை கிளினிக் வாசலில் செருப்பைக் கழற்றுவதற்கு முன்பே வக்கீல் பெரியம்மாவின் முகத்தைத்தான் பார்ப்பாள்.

"போன் வந்துச்சா?"

"வராம? முன்பல் முளைச்சுதான்னு கேட்டா. இன்னும் எட்டிப் பார்க்கலைன்னு சொன்னேன். மழையில நனையாதேன்னு சொன்னா."

"அப்புறம்?"

"அப்புறம் என்ன, உனக்கு ஒரு முத்தம் கொடுக்கச் சொன்னா. இந்தா." பெரியம்மா மேஜைக்கு மேலாக எக்கி, அவள் நெற்றியில் சத்தமாக ஒன்று வைப்பாள். பெஞ்சில் வீங்கிய கன்னத்தோடு இருப்பவர்கள்கூடச் சிரிப்பார்கள். கிராம்பு எண்ணெய் வாசனையும் டெட்டால் வாசனையும் கலந்து அடிக்கும் அந்த அறைதான் வக்கீலுக்கு அம்மா வீடு. அந்த ஒரு முத்தத்தை வைத்துக்கொண்டு அடுத்த வியாழன் வரைக்கும் ஓட்டிவிடுவாள்.

வார நாளெல்லாம் பல்லோடு போராடும் பெரியம்மாவுக்கு ஞாயிற்றுக்கிழமை வந்துவிட்டால் தனி முகம். இஸ்திரி போட்ட வெள்ளைப் புடவை. தலையில் ஒரு முடி பிசகாது. இரண்டு தெரு தள்ளி இருந்த பிரார்த்தனைக் கூடத்தில், பெரியவர்களின் பிரார்த்தனை முடிந்ததும் பின்னறையில் பிள்ளைகளுக்கு அறநெறி வகுப்பு எடுப்பாள். பத்துப் பிள்ளைகள். அந்த வகுப்புதான் அவளுடைய உயிர். சம்பளம் கிடையாது, யாரும் மாலை போடப் போவதும் இல்லை. ஆனால் சனிக்கிழமை சாயங்காலத்திலிருந்தே அவளுக்குக் கால் தரையில் பாவாது. கடவுள் கதையை அவள் சொல்ல ஆரம்பித்தால் தும்மலன்கூடத் தும்மலை அடக்கிக்கொள்வான். தும்மலன் என்பவன் வருஷம் முழுக்க ஜலதோஷம் பிடித்த ஒரு பையன்.

அந்த வகுப்பில் பெரியம்மா ஒரு வழக்கம் வைத்திருந்தாள். அதற்குப் பெயர் பொய் நோட்டு. ஒவ்வொரு பிள்ளையும் அந்த வாரம் சொன்ன பொய்யையெல்லாம் ஒரு சின்ன நோட்டில் எழுதிக்கொண்டு வர வேண்டும். எழுந்து நின்று வாசிக்க வேண்டும். வாசிக்கும்போது யாரும் குறுக்கே பேசக் கூடாது. அது இரும்பு விதி. வாசித்து முடித்ததும் அந்தப் பக்கத்தைக் கிழித்து, மடித்து, ஒரு பழைய பிஸ்கட் டப்பாவில் போட வேண்டும். பெரியம்மா கண்ணை மூடிக்கொண்டு "போகட்டும்" என்பாள். உடனே எல்லாப் பிள்ளைகளும் சேர்ந்து "போகட்டும்!" என்று கத்துவார்கள். அவ்வளவுதான், பொய் போய்விட்டது. மறுபடி அதைப் பற்றி யாரும் பேசக் கூடாது. தும்மலன் தம்பியைக் கிள்ளிவிட்டு இல்லை என்று சாதித்தது, ஒருத்தி கணக்கு நோட்டைத் தொலைத்துவிட்டு நாய் கடித்தது என்றது, எல்லாம் அந்த டப்பாவுக்குள் போயின. கூடத்திலிருந்து வீட்டுக்குப் போகும்போது பிள்ளைகளுக்கு உடம்பே லேசாக இருக்கும்.

பிள்ளைகளுக்குப் பார்வை கூர்மை. பெரியவர்கள் அதை மறந்துவிடுகிறார்கள். கூடத்தின் தலைவர் நாற்காலிக் கடை வைத்திருந்தவர். செய்த உதவியைச் சொல்லிக் காட்டக் கூடாது என்று மாதம் ஒரு தரமாவது கண்ணீர் மல்கப் பேசுவார். அவர் கூடத்துக்குக் கொடுத்த நாற்பது நாற்காலியின் முதுகிலும் அவர் பெயர் வெள்ளைப் பெயின்டில் எழுதியிருக்கும். பிள்ளைகள் அந்தப் பேச்சைக் கேட்கும்போதெல்லாம் முன்வரிசை நாற்காலியின் முதுகையும் தலைவரின் முகத்தையும் மாறி மாறிப் பார்ப்பார்கள். தும்மலனுக்கு அப்போதுதான் பார்த்துத் தும்மல் வரும்.

வக்கீலின் கண் மட்டும் வேறு இடத்தில் இருந்தது.

ஆரம்பித்தது ஒரு பல் துலக்காத காலையில். தேய்த்தாயா என்று பெரியம்மா கேட்டபோது வக்கீல் தேய்த்தேன் என்றாள். பல் டாக்டரின் ரிசப்ஷனிஸ்டிடம் போய் இந்தப் புளுகை அவிழ்த்தால் எடுபடுமா? பெரியம்மா பிரஷ்ஷைத் தொட்டுப் பார்த்தாள். காய்ந்து கிடந்தது. அந்த ஞாயிறு வக்கீல் அதைப் பத்துப் பேர் முன்னால் வாசிக்க வேண்டியதாயிற்று. எல்லோரும் மூக்கைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். "போகட்டும்" சொன்னபோதுகூடத் தும்மலன் மூக்கிலிருந்து கையை எடுக்கவில்லை.

மறுநாள் கிளினிக்கில் போன் அடித்தது. பெரியம்மா எடுத்து, "டாக்டர் ஊர்லயே இல்லையே சார்" என்றாள். டாக்டர் உள்ளே செய்தித்தாளை முகத்தில் கவிழ்த்துக்கொண்டு குறட்டை விட்டுக்கொண்டிருந்தார். வக்கீலுக்குச் சுருக்கென்றது. ஒரே ஒரு பொய்க்கு எனக்கு அத்தனை அவமானம், இவங்க மட்டும் யார் காதில் வேண்டுமானாலும் பூச்சுற்றலாமா? பெரியம்மாவுக்குப் பொய் நோட்டே கிடையாது என்பது அன்றைக்குத்தான் அவளுக்கு உறைத்தது. சரி, அவங்களுக்கு நான் எழுதுகிறேன் என்று தன் நோட்டைப் பின்பக்கமாகத் திருப்பினாள்.

அந்த வாரம் முழுக்கக் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு காத்திருந்தாள். அறுவடைக்குக் குறைவில்லை. வலிக்காது என்று சொன்னது மட்டும் பதினாறு. கிழவர் ஒருவருக்குப் புதுப் பல்செட் மாட்டியதும், "அசல் பல்லே தோத்துச்சு போங்க" என்றது ஒன்று. அது குதிரைப் பல் மாதிரி இருந்தது. ஒரு மணி நேரம் காத்திருந்த அம்மாளிடம் அடுத்தது நீங்கதான் என்றது நாலு தரம். மாடி வீட்டுக்காரி கொண்டுவந்து காட்டிய பின்னலைப் பார்த்து "பிரமாதம்" என்றது, டாக்டர் ஊரில் இல்லாதது, இப்படி எல்லாம் சேர்ந்து சனிக்கிழமை மத்தியானம் இருபத்தாறு ஆயிற்று.

அன்றைக்குச் சாயங்காலம் போன் கம்பெனி ஆள் வந்தான். மூன்று நாளாக போன் சத்தமே இல்லை என்று டாக்டர் எரிந்து விழுந்துகொண்டிருந்தார். அந்த ஆள் ஒயரைப் பிரித்துப் பார்த்துவிட்டு, "புதன்கிழமை மழையில கம்பம் சாஞ்சிருக்கு மேடம். அன்னைலேர்ந்தே உங்க லைன் செத்துக் கிடக்கு" என்றான்.

வக்கீலின் பேனா நின்றது. புதன்கிழமையிலிருந்து போன் இல்லை. ஆனால் வியாழன் மாலை பெரியம்மா, அம்மா போன் பண்ணினாள், பள்ளி நாடகத்தில் உனக்கு என்ன வேஷம் என்று கேட்டாள் என்று சொன்னாளே. முத்தம்கூட வந்ததே. இரண்டு நாளைக்கு முன்னால் சொன்ன தன் வாயாலேயே மாட்டிக்கொண்டாள் பெரியம்மா! பிடித்துவிட்டோம் என்கிற குஷியில் வக்கீல் 27 என்று போட்டு எழுதி, கீழே இரண்டு கோடு இழுத்தாள். பிடித்தது என்ன என்பதை அவள் அப்போது யோசிக்கவில்லை.

மறுநாள் வகுப்புக்குத் தலைவர் வந்து உட்கார்ந்தார், தன் பெயர் எழுதிய நாற்காலியில்தான். அவருடைய மைத்துனிக்கு வகுப்பு எடுக்க ஆசை என்று கூடத்தில் ஒரு பேச்சு அடிபட்டுக்கொண்டிருந்தது. பெரியம்மாவின் கை அன்றைக்குப் புடவைத் தலைப்பை விடவே இல்லை. எப்படியாவது இந்த ஒரு மணி நேரம் நல்லபடியாகப் போய்விட வேண்டும் என்று அவள் வேண்டிக்கொண்டிருந்திருப்பாள். தும்மலன் வாசித்தான், போகட்டும். இன்னும் இரண்டு பேர் வாசித்தார்கள், போகட்டும். தலைவர் தலையை ஆட்டி ரசித்தார்.

வக்கீல் எழுந்தாள். நோட்டைப் பின்பக்கமாகத் திறந்தாள்.

"இந்த வாரம் நான் பொய் சொல்லல. கேட்ட பொய் இருபத்தேழு. எல்லாம் பெரியம்மா சொன்னது."

பின்வரிசையில் யாரோ கிளுக்கென்று சிரித்தார்கள். பெரியம்மாவின் முகத்தில் ஈயாடவில்லை. தலைவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். வக்கீல் வாசிக்க வாசிக்கச் சிரிப்பு கூடியது. குதிரைப் பல்லுக்கு ஒரு பையன் பெஞ்சிலிருந்தே விழுந்தான். பெரியம்மா ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும், "உட்காரு" என்று. சொல்லவில்லை. வாசிக்கும்போது யாரும் குறுக்கே பேசக் கூடாது என்று விதி வைத்தவளே அவள்தானே. கடைசிப் பொய்க்கு முன்னால் மட்டும், அது என்னவென்று தெரிந்துவிட்ட மாதிரி, நாற்காலியிலிருந்து பாதி எழுந்தாள். பிறகு உட்கார்ந்துவிட்டாள்.

"இருபத்தேழு. வியாழக்கிழமை அம்மா போன் பண்ணி என்னைக் கேட்டாங்கன்னு பெரியம்மா சொன்னாங்க. ஆனா புதன்கிழமையிலேர்ந்து போன் வேலை செய்யல. அதனால அம்மா போன்..."

அதற்குமேல் குரல் வரவில்லை. தன் குரலில் கேட்டபோதுதான் அவளுக்குப் புரிந்தது. அது பொய் என்றால், அம்மா கூப்பிடவில்லை. இந்த வியாழன் மட்டும்தானா? போன வியாழன்? அதற்கு முந்தினது? முன்பல்லைப் பற்றிக் கேட்டது? மழையில் நனையாதே என்றது? ஒன்பது வயதுப் பிள்ளை பத்துப் பேர் முன்னால் நின்றுகொண்டு தன் அம்மாவை ஒவ்வொரு வியாழனாக இழந்துகொண்டிருந்தாள்.

வாசித்து முடித்துவிட்டாள் என்று நினைத்துக்கொண்டு தும்மலன்தான், பாவம், பழக்கதோஷத்தில் "போகட்டும்" என்றான். மற்றப் பிள்ளைகளும் சேர்ந்துகொண்டார்கள். ஆனால் முதலில் சொல்ல வேண்டியவள் சொல்லவில்லை. வக்கீல் அந்தப் பக்கத்தைக் கிழிக்கவும் இல்லை.

தலைவர் எழுந்து தொண்டையைக் கனைத்தார். "புள்ளைங்களுக்கு உண்மை பேசச் சொல்லித் தர்ற இடம்மா இது" என்றார். அடுத்த வாரத்திலிருந்து மைத்துனி வகுப்பை எடுத்துக்கொண்டாள். பிஸ்கட் டப்பா எங்கே போயிற்றென்று தெரியவில்லை.

வீடு திரும்பும் வழியில் பெரியம்மா வழக்கம்போல அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். திட்டுவாள் என்று வக்கீல் எதிர்பார்த்தாள். அடித்திருந்தால்கூடத் தேவலை. பாதி வழி வந்ததும் அவளே கேட்டாள்.

"அம்மா மொத்தம் எத்தனை தடவை போன் பண்ணினாங்க?"

பெரியம்மா நின்றாள். எத்தனையோ பேருக்கு அள்ளிவிட்டவளுக்கு இன்னும் ஒன்று சொல்வதா பெரிய காரியம். ஆனால் அவள், "ரெண்டு" என்றாள்.

"மத்ததெல்லாம்?"

"மத்ததெல்லாம் நான் சொன்னதுதான்."

"ஏன்?"

"நீ வாசல்ல நின்னு என் மூஞ்சியையே பார்ப்பே. ஒண்ணும் வரலைன்னு சொல்ல எனக்கு வாய் வரல, கண்ணு."

"அது பொய்தானே?"

"பொய்தான்." நல்லதுக்குச் சொன்ன பொய், சின்னப் பொய் என்றெல்லாம் பெரியம்மா சப்பைக்கட்டு கட்டவில்லை. அதை வக்கீல் பிற்காலத்தில் அடிக்கடி நினைத்துக்கொள்வாள்.

"அம்மாவுக்கு என்னைப் பிடிக்காதா?"

"உன் பேச்சை எடுத்தாலே அழுதுடறா. அழுதா அவளுக்கு அங்கே வேலை ஓடாது. அதான் போனே பண்றதில்ல."

இது இருபத்தெட்டாவதா, இல்லையா? வீட்டுக்குப் போனதும் வக்கீல் நோட்டை எடுத்தாள். 28 என்று போட்டாள். பக்கத்தில் ஒரு கேள்விக்குறி மட்டும் போட்டு மூடிவைத்தாள்.

அடுத்த வியாழன் கிளினிக் வாசலில் அவள் பெரியம்மாவின் முகத்தைப் பார்த்தாள். "இன்னைக்கு வரலை" என்றாள் பெரியம்மா. அதற்கடுத்த வியாழனும் வரலை. வாரம் தவறாமல் உண்மையைச் சொன்னாள். அந்த உண்மையைக் கேட்டுவிட்டு வக்கீல் பெஞ்சின் கோடியில் போய் உட்கார்ந்து பஞ்சைப் பிய்த்துக்கொண்டிருப்பாள். வெட்கத்தை விட்டுச் சொன்னால், அவளுக்கு அந்தப் பழைய பொய்கள் வேண்டியிருந்தன. முன்பல் எப்போதோ முளைத்துவிட்டது. அதைக் கேட்க ஆள் இல்லை.

பெரியம்மா கூடத்துக்குப் போவதை நிறுத்தவில்லை. அதே வெள்ளைப் புடவையில் கடைசி வரிசையில் உட்கார்ந்து எழுந்து வந்தாள். பின்னறையிலிருந்து பிள்ளைகளின் சத்தம் வரும்போது மட்டும் அவள் பார்வை மடியில் இருக்கும். தன்னால் அவளுக்குப் போனது என்ன என்று வக்கீலுக்குத் தெரியும். மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று எத்தனையோ தரம் வாய் வரைக்கும் வந்ததுண்டு. உண்மையைத்தானே சொன்னேன், எதற்கு மன்னிப்பு என்று ஒரு வீம்பும் கூடவே வரும்.

வக்கீலுக்குப் பன்னிரண்டு வயதானபோது அம்மா திரும்பி வந்தாள். கதவு தட்டுகிற சத்தம் கேட்டு வக்கீல் உள்ளேயிருந்தே, "யாரு?" என்றாள். அந்த ஒரு சொல்லுக்கு வெளியே அழுகைச் சத்தம் கேட்டது. கதவைத் திறந்தால், பெட்டியைக்கூடக் கீழே வைக்காமல் அம்மா விம்மி விம்மி அழுதுகொண்டிருந்தாள். அன்றைக்கு ராத்திரி வக்கீல் பழைய நோட்டைத் தேடி எடுத்து, 28ஐயும் கேள்விக்குறியையும் அடித்துவிட்டாள்.

பெரிய மனுஷியானதும் அவளுக்குக் கிடைத்த வேலையும் பொருத்தமாகத்தான் இருந்தது. கடைத் தராசுகளைச் சோதிக்கும் அலுவலகத்தில் ஆய்வாளர். அவள் தெருவில் திரும்பினாலே காய்கறிக் கடைக்காரர்கள் தராசைத் துடைக்க ஆரம்பித்துவிடுவார்கள். பதினைந்து கிராம் குறைந்தாலும் விடமாட்டாள். சினேகிதியின் புதுப் புடவை நன்றாக இல்லை என்றால் இல்லை என்று முகத்துக்கு நேரே சொல்லிவிடுவாள். அதனால் சினேகிதிகள் குறைவு. அவளை இன்னும் வக்கீல் என்று கூப்பிடுகிற ஆள் உலகத்தில் ஒன்றுதான் மிச்சம்.

அந்த ஒரு ஆளுக்கு எழுபத்தெட்டு வயதில் கடைவாய்ப் பல் ஒன்று ஆட ஆரம்பித்தது. வாழ்நாளில் பாதியைப் பல் டாக்டரோடு கழித்தவள், தன் பல்லைக் காட்ட வர மாட்டேன் என்று அடம்பிடித்தாள். ஒரு வாரம் கஞ்சியோடு ஓட்டினாள். கடைசியில் வக்கீல் அரை நாள் லீவு போட்டு அவளை ஏறக்குறைய இழுத்துக்கொண்டு போனாள். இப்போது வேறு டாக்டர், வேறு கிளினிக். ஏசி ஓடியது. மேஜையில் ஒரு சின்னப் பெண் கம்ப்யூட்டரைப் பார்த்தபடியே, "டோக்கன் நம்பர் ஏழு, உட்காருங்க" என்றாள். யார் கையையும் யாரும் பிடிக்கவில்லை.

பெரியம்மா பெஞ்சின் நுனியில் உட்கார்ந்திருந்தாள். உள்ளேயிருந்து யாரோ கத்தினார்கள். அவள் சட்டென்று திரும்பினாள். வாசலில் நின்று போன் வந்துச்சா என்று கேட்கிற பிள்ளை எப்படிப் பார்க்குமோ, அதே பார்வை.

"வக்கீல், வலிக்குமாடி?"

ஒன்பது வயதிலிருந்து முப்பத்து நாலு வருஷமாகப் பதினைந்து கிராம் பொய்யைக்கூட விட்டுக்கொடுக்காதவள் கைப்பையைக் கீழே வைத்தாள். பிறகு, தோல் சுருங்கி எலும்பாகிவிட்ட அந்தக் கையை எடுத்துத் தன் இரண்டு கைகளுக்குள்ளும் வைத்து ஓர் அழுத்து அழுத்தினாள்.

"வலிக்கவே வலிக்காது பெரியம்மா. எறும்பு கடிச்ச மாதிரி இருக்கும், அவ்வளவுதான்."

பெரியம்மா அவளை உற்றுப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள். வீங்கிய கன்னத்தோடு மெல்ல ஒரு சிரிப்பு வந்தது. கண்ணை மூடிக்கொண்டு, "போகட்டும்" என்றாள்.

மேஜைப் பெண் நிமிர்ந்து ஏழாம் நம்பரை இரண்டாம் தரம் கூப்பிட்டாள். இரண்டு பேரும் கையை விடாமல் எழுந்து உள்ளே போனார்கள்.